நிழற்குடையில் ரெண்டு கல்

ஆவணி 3, செவ்வாய்

வக்கீல் பிச்சையா எழுதச் சொல்லியிருக்கார். அதனால எழுதுதேன். கோர்ட்டுல கூண்டுல ஏத்திக் கேள்வி கேப்பாங்களாம், அப்ப தேதி கிழமை எல்லாம் தடுமாறக் கூடாதாம். "ஞாபகம் வரும்போதெல்லாம் குறிச்சு வைங்கம்மா" என்றார். ஞாபகம் வரும்போதாம். போனாத்தான வாரதுக்கு? இவரோட அப்பா பாத்திரக்கடை வச்சிருந்தப்ப என் தலையில ஒரு ஓட்டைக் குடத்தைக் கட்டினது வரைக்கும் ஞாபகம் இருக்கு. அதை அவர்கிட்ட சொல்லலை. கேஸ் முடியட்டும்.

மூணாங்கிளாஸோட நின்னவ நான். எழுத்து கோணலாத்தான் இருக்கும். பலவேசம் உரக்கடையில சும்மா கொடுத்த டைரியைக் கொண்டாந்து தந்தான். போன வருசத்து டைரி. அச்சடிச்ச தேதியை அடிச்சிட்டு நம்ம தேதியைப் போட்டுக்கிடுதேன்.

விவரம் இதுதான். செவல்குறிச்சி பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால வேன் ஸ்டாண்டு இருக்கு. மலையடிவாரத்து ஊர்களுக்கு ஆள் ஏத்திக்கிட்டுப் போற வேன்கள் அங்கதான் நிக்கும். என் மகன் பலவேசம் வேனும் அங்கதான். இந்தச் சித்திரையில இருந்து நகராட்சி ஒரு குத்தகைக்காரனை விட்டு, வண்டி உள்ள நுழையிற ஒவ்வொரு நடைக்கும் சீட்டுக் கிழிக்குது. சீட்டு வாங்காத வண்டி உள்ள நிக்கக் கூடாது. கேட்ட துட்டைக் கொடுத்தா டீசல் போக வீட்டுக்கு ஒண்ணும் வாரதில்லை. கொடுக்காம வெளிய நின்னா ஏற ஆள் இல்லை. பலவேசம் இப்ப பைபாஸ் முக்குல வெயில்ல நிக்கான். அங்க அவனைத் தேடி வந்து ஏறுதது ஈயும் கொசுவும்தான்.

வேன்காரங்க சங்கம் கோர்ட்டுக்குப் போயிருக்கு. ஒரு வசதியும் செஞ்சு கொடுக்காம எதுக்குக் கட்டணம்னு இவங்க கேக்காங்க. நாங்கதான் நிழற்குடை கட்டிக் கொடுத்திருக்கோமேன்னு நகராட்சி சொல்லுது.

அந்த நிழற்குடையைக் கட்டினது யாருன்னு எனக்குத் தெரியும். என் காதுல கிடந்த தங்கம் அந்தக் கூரையில இருக்கு.

ஆவணி 4, புதன்

அரிசி புடைச்சேன். கல் நிறைய. ரேஷன் கடைக்காரனுக்கு நான் இன்னும் பதில் சொல்லலை.

நிழற்குடை கதையை எழுதிருதேன். எங்க வீட்டுக்காரர் சொரிமுத்துதான் அந்த ஸ்டாண்டுல முதல் வண்டி போட்டவுக. வெயில்ல பிள்ளையை இடுப்புல வச்சுக்கிட்டு நிக்கிற பொம்பளைகளைப் பாத்து, இங்க ஒரு கூரை போடணும்னு சொல்லிக்கிட்டே இருந்தாக. சொல்லிக்கிட்டே போய்ச் சேந்துட்டாக. அடுத்த வருசம் வேன்காரங்க எல்லாரும் சேந்து போட்டாங்க. அவுக நினைவாப் போடுதோம்னு சொன்னதால நானும் கம்மலைக் கழட்டிக் கொடுத்தேன்.

சங்கச் செயலாளர் சங்கிலிபாண்டி. அவுககூட ஒண்ணா வண்டி ஓட்டினவன். அண்ணன் பெண்டாட்டி முறையில என்னை மைனின்னுதான் கூப்பிடுவான். நகராட்சி இடத்துல கட்டணும்னா அனுமதி வேணும், அனுமதி வேணும்னா சேர்மன் வந்து திறக்கணும், சேர்மன் வந்தா கல்லுல பேர் போடணும்னு அவன்தான் சொன்னான். நம்ம ஊர்ல இதுக்குச் சட்டம் எல்லாம் வேண்டாம், பழக்கமே போதும்.

திறப்பு விழாவுக்கு நான் அரக்குக் கலர் சேலை கட்டிக்கிட்டுப் போனேன். சேர்மன் திரையை இழுத்தார். நான் எழுத்துக் கூட்டி மேல இருந்து கீழ வரைக்கும் வாசிச்சேன். சேர்மன் பேர் பெரிசா. அதுக்குக் கீழ துணைச் சேர்மன். அதுக்குக் கீழ வார்டு கவுன்சிலர். அதுக்கும் கீழ பொடி எழுத்துல ம. சங்கிலிபாண்டி, செயலாளர். அதோட கல் முடிஞ்சிட்டு.

அவுக பேர் எங்கன்னு கேட்டேன். "கல்லு பத்தலை மைனி"ன்னான்.

கொடுத்த கலர் சோடாவைக் குடிக்காம வந்துட்டேன். பதினோரு வருசம் ஆச்சு. அன்னைல இருந்து மார்க்கெட்டுக்கு ஸ்டாண்டு வழியாப் போகாம மேலத்தெரு சுத்தித்தான் போறேன்.

ஆவணி 6, வெள்ளி

அந்தக் கல்லை போட்டோ எடுத்து நகராட்சி கோர்ட்டுல கொடுத்திருக்காம். பாத்தீங்களா, எங்க சேர்மன் பேர், எங்க கட்டடம்னு.

எனக்குச் சிரிப்பு வந்திட்டு. மருமக ஆவுடை "என்ன அத்தை, தனியாச் சிரிக்கீங்க"ன்னு கேட்டா. உளுந்து நல்லாப் பொங்குதுன்னேன்.

ஆவணி 10, செவ்வாய்

சங்கிலி வீட்டுக்கு வந்தான். பதினோரு வருசம் கழிச்சு வாசப்படி ஏறுதான், கையில ஆப்பிள் பை வேற. நான் மாவு ஆட்டிக்கிட்டு இருந்தேன். கிரைண்டரை நிப்பாட்டலை. அவன் வாயசைக்கிறது தெரிஞ்சுது, சத்தம் கேக்கலை. ஆவுடைதான் வந்து சுவிட்ச்சை அணைச்சா. இந்தக் காலத்து மருமகளுக்கு இங்கிதம் கிடையாது.

நிழற்குடையை நாமதான் கட்டினோம்னு நான் வந்து சாட்சி சொல்லணுமாம். துட்டுப் போட்டவங்கள்ல முக்காவாசிப் பேர் செத்துட்டாங்க, இல்லாட்டித் திருப்பூருக்குப் போயிட்டாங்க. இருக்கிறவங்களுக்கு வருசமே சரியாத் தெரியலை.

"நீங்க நாலு வார்த்தை சொன்னாப் போதும் மைனி."

"அதுக்கென்ன, சொல்லலாம். ஆனா வாய் பத்தலையே."

அவன் தலையைக் குனிஞ்சுக்கிட்டான். முன்னால இருந்த முடி எல்லாம் போயி, மண்டை பளபளன்னு இருக்கு. சுகர் வேறயாம். ஆவுடை கொடுத்த காபியில சீனி வேண்டாம்னுட்டான். நான் உள்ள போயி, நேத்துச் சுட்ட முறுக்குல ரெண்டு எடுத்து வச்சேன். வீட்டுக்கு வந்தவனுக்கு வைக்காம இருக்க முடியுமா? அவனுக்காக இல்லை.

போகும்போது, வருவீங்களான்னு வாசல்ல நின்னு கேட்டான். மகன் பொழைப்புக்காக வருவேன், உமக்காகன்னு நினைச்சுக்கிடாதேயும்னு சொல்லிட்டேன்.

ஆவணி 11, புதன்

பிள்ளையார் சதுர்த்தி. கொழுக்கட்டை உதிர்ந்துட்டு. ஆவுடை பிசைஞ்ச மாவு.

ஆவணி 16, திங்கள்

பலவேசம் இன்னைக்கு மொத்தமே ரெண்டு நடைதான் ஓட்டினானாம். சாப்பிட்டுட்டுப் படுத்துட்டான். கேஸ் தோத்தா வேனை வித்திட்டு எங்கேயாவது டிரைவர் வேலைக்குப் போயிருவேன்னு ஆவுடைகிட்ட சொல்லியிருக்கான். எனக்குக் கேக்காதுன்னு நினைச்சு சொல்லியிருக்கான். கண்ணுதான் மங்கல், காது நல்லாத்தான் இருக்கு.

எங்க வீட்டுக்காரர் வேன் ஓட்டின வழி அது. அதுக்கு மேல எழுத ஒண்ணும் இல்லை.

ஆவணி 18, புதன்

கோர்ட்டுல இருந்து கமிஷனர் வாராங்களாம். போலீஸ் கமிஷனர்னு நினைச்சு பயந்துட்டேன். இல்லையாம். ஒரு வக்கீலையே நீதிபதி அனுப்புவாராம். அந்த ஆள் வந்து ஸ்டாண்டுல என்ன வசதி இருக்கு, என்ன இல்லைன்னு கண்ணால பாத்து எழுதிக் கொடுக்கணுமாம். அடுத்த வியாழக்கிழமை.

ஆவணி 20, வெள்ளி

காலையில இருந்து பலவேசம் முகமே சரியில்லை. பொய்யை மறைக்கும்போது அவனுக்குச் சின்னப் பிள்ளையில இருந்தே மூக்கு நுனி வேர்க்கும். அதட்டவும் சொல்லிட்டான்.

சங்கிலியும் இன்னும் சில பேரும் சேந்து சேர்மன் கல்லு மேலயே புதுசா ஒரு கல்லைப் பதிச்சிட்டாங்களாம். "காலஞ்சென்ற ஓட்டுநர் சொரிமுத்து நினைவாக வேன் ஓட்டுநர்கள் கட்டியது." அடியில பதினோரு வருசத்துக்கு முந்தின தேதி. கமிஷனர் வந்து பாக்கும்போது கண்ணுல அதுதான் படணுமாம். வக்கீலுக்குத் தெரியாதாம்.

"உங்களுக்கும் ஒரு மனக்குறை இருக்கு, அதுவும் தீந்த மாதிரி இருக்கும்னு சங்கிலி சித்தப்பா சொன்னாகம்மா" என்கான்.

அடுப்புல பால் இருந்துது. இறக்கி வைக்கப் போயிட்டேன்.

ஆவணி 21, சனி

காய் வாங்கப் போனேன். மேலத்தெருவுல குழி தோண்டிப் போட்டிருந்தாங்க, அதனால ஸ்டாண்டு வழியாப் போக வேண்டியதாப் போச்சு.

கருங்கல்லு. எழுத்துல தங்கக் கலர் ஊத்தியிருக்காங்க. சொ, ரி, மு, த், து. நல்லாப் பெரிசாத்தான் இருக்கு. கல் பத்தியிருக்கு.

ஓரத்துல விரல் வச்சுப் பாத்தேன். சிமிண்டு காஞ்சிட்டான்னு பாக்கத்தான். காயலை.

வீட்டுக்கு வந்ததும் ஆவுடை, "மேலத்தெருவுல எங்க அத்தை குழி, நான் இப்ப அந்த வழியாத்தான வாரேன்"ன்னு கேட்டா. கத்தரிக்காய் விலை என்ன தெரியுமான்னு நான் கேட்டேன்.

ஆவணி 22, ஞாயிறு

மறுபடியும் காய் வாங்கப் போனேன்.

ஆவணி 24, செவ்வாய்

மறுபடியும். வீட்டுல கத்தரிக்காய் குமிஞ்சு கிடக்கு. எல்லாரும் முகம் சுளிக்காங்க. எண்ணெய்க் கத்தரிக்காய் வச்சேன், சுட்டுத் துவையல் அரைச்சேன், வத்தலும் போட்டாச்சு.

ஆவணி 26, வியாழன்

இன்னைக்கு நடந்ததை முழுசா எழுதணும்.

கமிஷனர் வந்துது. பெனிட்டான்னு ஒரு வக்கீலம்மா. முப்பது வயசு இருக்காது, தோள்ல பை, கையில செல்போன், வெயிலுக்குத் துப்பட்டாவைத் தலையில போட்டிருந்துது. இந்தப் பக்கம் நம்ம வக்கீல், சங்கிலி, வேன்காரங்க. அந்தப் பக்கம் நகராட்சி வக்கீலும் ஓவர்சியரும். ஓவர்சியர் புது ஆளு. சட்டைப் பையில மூணு பேனா.

அந்தப் பொண்ணு எல்லாத்தையும் பொறுமையாப் பாத்துது. உக்கார பெஞ்சு இல்லை, பழைய வேன் சீட்டைக் கழட்டி வேன்காரங்க போட்டு வச்சிருக்காங்க. அதைப் போட்டோ எடுத்துது. குழாயைத் திருகிப் பாத்துது, காத்துதான் வந்துது. அதையும் எழுதிக்கிட்டுது.

நான் பக்கத்துல போயி, இந்தக் கூரை போட்ட கதையைச் சொல்ல ஆரம்பிச்சேன். "பாட்டி, நீங்க சொல்றதை நான் எழுத முடியாது. கண்ணால பாக்குறதைத்தான் எழுதணும்"ன்னுது. நல்ல மரியாதையாத்தான் சொல்லுச்சு. அதனால கோவம் வரலை. கொஞ்சம் வந்துது.

அப்புறம் ஓவர்சியர் முன்னால வந்தார். "மேடம், எல்லாத்தையும் விடுங்க. எங்க கல்வெட்டே சாட்சி. சேர்மன் பேரு, தேதி, எல்லாம் இருக்கு. மாசா மாசம் நான் நேர்ல வந்து பராமரிப்புப் பாக்கேன்"னு கல்லு பக்கம் திரும்பாமலே கையை நீட்டினார்.

"கொஞ்சம் வாசிங்க சார்"ன்னுது அந்தப் பொண்ணு.

அவர் திரும்பி, கண்ணாடியை மாட்டிக்கிட்டு, நல்லா மேடைப் பேச்சுக் குரல்ல, "காலஞ்சென்ற ஓட்டுநர் சொரி..." வரைக்கும் வந்துட்டார். அங்க நின்னுட்டார். டீக்கடையில இருந்தவங்க சிரிச்ச சிரிப்பு பஸ் ஸ்டாண்டு வரைக்கும் கேட்டிருக்கும். சங்கிலி மீசையைத் தடவினான். நகராட்சி வக்கீல் கட்டுல இருந்து போட்டோவை உருவி, கல்லையும் போட்டோவையும் மாத்தி மாத்திப் பாத்தார்.

அந்தப் பொண்ணு சிரிக்கலை. "இந்தக் கல் எப்ப வச்சது?"

"திறப்பு விழா அன்னைக்கு மேடம். பதினோரு வருசம் ஆச்சு"ன்னு சங்கிலி சொன்னான்.

நம்ம வக்கீலுக்கு அது பொய்னு தெரியாது. வேன்காரங்களுக்குத் தெரியும். எல்லாரும் மண்ணைப் பாத்தாங்க. பலவேசம் என்னைப் பாத்தான். அவன் மூக்கு வேர்த்திருந்துது.

அந்தத் தேதியில அந்தக் கல் கிடையாது. அன்னைக்கு நான் அங்க நின்னேன். கல்லுல அவுக பேர் இல்லைன்னு வீட்டுக்கு வந்து கதவைச் சாத்திக்கிட்டது நான்தான். இருந்துதுன்னு இப்ப இவன் சொன்னா, அப்ப நான் எதுக்குப் பதினோரு வருசம் சுத்தித் தெருவுல போனேன்?

"போன வாரம் வச்சதும்மா"ன்னேன். "இதுக்கு அடியில சேர்மன் கல்லு இருக்கு. ஓரத்தைப் பாரு, ரெண்டு கனம் தெரியும். கட்டினது இவங்கதான், அது சத்தியம். ஆனா பேர் போட்டது போன வாரம்."

சங்கிலி கண்ணை மூடிக்கிட்டான். பிச்சையா வக்கீல் கையில இருந்த கட்டு நழுவிக் கீழ விழுந்துது. நகராட்சி வக்கீல் என்னைப் பாத்து, பொண்ணு கொடுத்த சம்பந்தி மாதிரி ஒரு கும்பிடு போட்டார். நான் திருப்பிக் கும்பிடலை.

அந்தப் பொண்ணு கல்லு ஓரத்தைத் தடவிப் பாத்துது. அப்புறம் ஓவர்சியர் பக்கம் திரும்பி, "மாசா மாசம் வந்து பராமரிக்கிறதாச் சொன்னீங்களே சார். உங்க கட்டடத்துல யாரோ கல் பதிச்சு ஒரு வாரம் ஆகுது. உங்களுக்குத் தெரியலையா?"ன்னு கேட்டுது.

அவர் ஒரு பேனாவை எடுத்து, மூடியைக் கழட்டி, திரும்பவும் மூடினார்.

ஆவணி 27, வெள்ளி

வக்கீல் வீட்டுக்கே வந்து கத்திட்டுப் போனார். பொய்ச் சாட்சியம்னு கேஸையே தூக்கி எறிஞ்சிருவாங்களாம். கத்த வேண்டியது சங்கிலியை. கிடைச்சது நான். அவங்க அப்பா வித்த ஓட்டைக் குடத்தை எடுத்து வெளிய வைக்கலாமான்னு நினைச்சேன். வைக்கலை.

பலவேசம் ஒரு வார்த்தைதான் கேட்டான். "அப்பா பேர்தானம்மா இருந்துது. விட்டிருக்கலாமே."

அவன் சாப்பிட்ட தட்டை நானே கழுவி வச்சேன்.

ஆவணி 29, ஞாயிறு

சங்கிலி என்கூடப் பேசலை. மார்க்கெட்டுல என்னைக் கண்டதும் மேலத்தெருப் பக்கம் திரும்பிட்டான். அது நான் போற வழி.

ஆவணி 31, செவ்வாய்

வேனை வாங்கிக்கிட ஒரு ஆள் வந்து பாத்துட்டுப் போனான். சக்கரத்தை உதைச்சுப் பாத்தான். சொந்தக்காரன் கண்ணு முன்னால சக்கரத்தை உதைக்கிறவன் முகத்தை நான் மறக்க மாட்டேன். புளியங்குளத்துக்காரன், பச்சைச் சட்டை, இடது காதுல மச்சம்.

புரட்டாசி 4, சனி

பெருமாள் கோயிலுக்குப் போனேன். கேஸைப் பத்தி ஒண்ணும் கேக்கலை. சும்மா நின்னுட்டு வந்தேன்.

புரட்டாசி 7, செவ்வாய்

கோர்ட்டு. என்னைக் கூண்டுல ஏத்தவே இல்லை. இன்னும் நாள் இருக்காம். நான் அரக்குச் சேலையை எடுத்துக் கட்டினது வீண்.

நீதிபதி கமிஷனர் எழுதினதைப் படிச்சார். குழாயில தண்ணி இல்லை, நகராட்சி போட்ட பெஞ்சு இல்லை, விளக்கு இல்லை, கட்டடத்துல என்ன நடக்குதுன்னு ஓவர்சியருக்கே தெரியலைன்னு எல்லாம் அந்தப் பொண்ணு எழுதியிருக்கு. கல் விசயத்தையும் எழுதியிருக்கு. நீதிபதி சங்கிலியை நிக்க வச்சு வாங்கு வாங்குன்னு வாங்கினார். உங்க தரப்பு அம்மாவே அங்கேயே உண்மையைச் சொல்லிட்டதால இந்தத் தடவை இதோட விடுறேன்னார். சங்கிலி தலையைத் தொங்கப் போட்டுக்கிட்டு நின்னான். பாக்க எனக்குச் சந்தோசமா இருக்கும்னு நினைச்சிருந்தேன். அவ்வளவா இல்லை.

அப்புறம் உத்தரவு. இங்கிலீசுல சொன்னாங்க. வெளிய வந்து பிச்சையா விளக்கினார். கேஸ் முடியிற வரைக்கும் யாரும் சீட்டுக் கிழிக்கக் கூடாது. வேன்கள் எல்லாம் ஸ்டாண்டுக்குள்ளயே நிக்கலாம். பலவேசம் அப்படியே கோர்ட்டுப் படியில உக்காந்துட்டான்.

"இன்னொண்ணும் இருக்கு"ன்னார் வக்கீல். "நிழற்குடையை யார் கட்டினதுங்கிறதுதான் வழக்கே. அதனால அது இப்ப எப்படி இருக்கோ அப்படியே இருக்கணும். ரெண்டு கல்லையும் ரெண்டு தரப்பும் தொடக் கூடாது."

"மேல இருக்கிறதையுமா?"ன்னு கேட்டேன்.

"மேல இருக்கிறதையும்தான். தொட்டா கோர்ட் அவமதிப்பு. போலீஸே வரும்."

முந்தானையைச் சரி பண்ணிக்கிட்டேன்.

புரட்டாசி 8, புதன்

பலவேசம் விடியும்போதே ஸ்டாண்டுக்குப் போயிட்டான். நானும் அவன்கூடவே போனேன். மேலத்தெரு சுத்தலை. முதல் தடவையா அந்தக் கூரைக்குக் கீழ உக்காந்தேன். வேன் சீட்டு நல்லா மெத்துன்னுதான் இருக்கு. நிழலும் நல்ல நிழல்தான். கைப்பிள்ளைக்காரி ஒருத்தி வந்து பக்கத்துல உக்காந்து, இது யாரு பாட்டி சொரிமுத்துன்னு கேட்டா. சொன்னேன். வேன் வந்த பிறகும் சொல்லிக்கிட்டிருந்தேன், பாவம், ஒரு வேனை விட்டுட்டா.

சங்கிலி வந்து சீட்டோட அந்தக் கடைசியில உக்காந்தான். அவன்தான் முதல்ல வாயைத் திறந்தான். "கேஸ் முடிஞ்சதும் மேல இருக்கிற கல்லை எடுக்கச் சொல்லுவாங்க மைனி."

அது எனக்குத் தெரியாதா? நேத்து ராத்திரி பூரா அதைத்தான் யோசிச்சேன்.

சாயங்காலம் நேரா வக்கீல் ஆபீசுக்குப் போனேன். அடுத்த வாய்தா எப்பன்னு கேட்டேன். தையிலயாம். சீக்கிரமே விசாரணையை முடிச்சுத் தீர்ப்பு வாங்கிரலாம், கவலைப்படாதீங்கன்னு தைரியம் சொன்னார். இந்த மாதிரி கேஸெல்லாம் சாதாரணமா எத்தனை வருசம் இழுக்கும்னு கேட்டேன். சில கேஸ் அப்பீல், கிப்பீல்னு போயி இருபது வருசம்கூட ஆகுமாம்.

"உங்களுக்கும் எவ்வளவோ ஜோலி இருக்கும். ஒரு அவசரமும் இல்லை, மெதுவாவே நடத்துங்க"ன்னு சொல்லி, கொண்டு போன முறுக்குப் பொட்டலத்தை அவர் மேசையில வச்சிட்டு வந்தேன்.